கறுப்பு வெள்ளையில் அமிர்தநாதர்

1

இந்தக் கதையில் பாதி, ஸ்காபரோவின் வெக்ஸ்போர்டில் ஒரு கோப்பிக்கடையில், குறும்படம் எடுக்கும் கிளிபோட் எனக்குச் சொன்னது. மீதி என் கைச்சரக்கு. எது எதுவென்று கேட்காதீர்கள், எனக்கே குழம்பிவிட்டது.

முதலில் இப்படித் தொடங்கினேன்: 'முகம் என்பது பிறர் நம்மீது...' சே! அவன் படமே லேசில் விளங்காது. நானும் சேர்ந்து உங்களைப் படுத்தக் கூடாது.

2

படம் இதுதான். கிளிபோட்டின் அப்பா அமிர்தநாதர் கமராவைப் பார்த்தபடி இருக்கிறார். கறுப்பு வெள்ளை. சத்தமில்லை. ஏழு நிமிடம். பார்க்கப் பார்க்க அந்த முகம் யார் யாராகவெல்லாம் தெரிகிறது என்பதுதான் பரிசோதனை.

அப்பா ஒரு நிபந்தனையோடுதான் சம்மதித்தார்.

"சனம் சிரிச்சுதெண்டால் உந்தப் பட விளையாட்டை விட்டிட்டு ஒழுங்கா ஒரு வேலைக்குப் போகோணும். சரியோ?"

"ஓம் அப்பா."

(இங்கே மகனை எதிர்த்துப் பேச வைத்துப் பார்த்தேன். பொய்யாக இருந்தது. அடித்துவிட்டேன்.)

3

ஸ்காபரோவில் ஒரு சங்கத்தின் ஆண்டு விழா. நடனத்துக்கும் சாப்பாட்டுக்கும் நடுவே படம். விளக்கு அணைந்தது. திரையில் பெரிதாக அமிர்தநாதர், கீழே பெயர். முன்வரிசையில் இருந்த தலைவர் சண்முகநாதன் எழுந்து தலையைக் குனிந்தார். அவ்வளவுதான், மண்டபமே எழுந்தது.

நம் விழாக்களில் கறுப்பு வெள்ளை முகம் திரையில் வந்தால் அது இறந்தவருக்குச் செய்யும் அகவணக்கம். வேறென்ன நினைப்பார்கள், பாவங்கள்?

ஒரு செருமல்கூட இல்லை. கடைசி வரிசையில் இருந்த அமிர்தநாதரும் எழுந்துவிட்டார், தன் முகத்துக்கே. எல்லாரும் நிற்கும்போது தான் மட்டும் இருந்தால் மரியாதையில்லையே.

பக்கத்தில் நின்ற, முன்பின் தெரியாத அன்ரி குனிந்த தலை நிமிராமல் கேட்டார்:

"நல்ல மனுசன் போல கிடக்கு. எப்பவாம் மோசம் போனவர்?"

"தெரியேல்லை. எனக்கு ஒருத்தரும் சொல்லேல்லை."

(இந்த வரி என்னுடையதில்லை. எனக்கு அவ்வளவு கொடுப்பினை கிடையாது.)

விளக்கு எரிந்ததும் அன்ரி திரும்பிப் பார்த்தார்.

"யேசுவே! ஆள் இருக்கிறார்!"

மண்டபம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. சண்முகநாதன் ஓடிவந்து அமிர்தநாதரின் கையை உலுக்கினார். "அப்பாடா! எங்களைப் பயப்பிடுத்திப் போட்டியள் அண்ணை!"

கிளிபோட் அப்பாவின் முகத்தைப் பார்த்தான். சனம் சிரித்துவிட்டது.

4

ஒஷாவாவில் இருக்கும் வீட்டுக்கு இருவரும் காரில் திரும்பினார்கள். 'நாளைக்கே வேலை தேடு' என்று அப்பா சொல்வதாக ஒரு முடிவு எழுதினேன். நடக்கக்கூடியதுதான். ஆனால் வீட்டு வாசலில் சீற் பெல்ட்டைக் கழற்றிக்கொண்டே அவர் சொன்னது இது:

"படம் ஓடேக்கை ஒருத்தரும் சிரிக்கேல்லை. நான் வடிவாப் பாத்தனான்."

இதற்குக் கீழே நெகிழ்ச்சியாக ஒரு வரி வைத்திருந்தேன். எடுத்துவிட்டேன். எனக்கு மனம் லேசாகிவிட்டது. கனக்கத்தான் வேண்டுமென்றால், அந்த வரியை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்.