சேர்த்து எழுதிய பேர்

வரப்புச் சண்டையில் தேவநாதனின் மண்டை உடைந்த அன்று ரஞ்சித் ஊரிலேயே இல்லை. விழுப்புரத்தில் காலேஜில் இருந்தான். ஆனாலும் பங்காளி வீட்டில் ஒரு ஆம்பளையும் தப்பக்கூடாது என்ற ஆத்திரத்தில், புகாரில் அவன் பேரையும் சேர்த்துவிட்டார் தேவநாதன். ஊரில் எல்லாரும் செய்வதுதான்.

வழக்கு இழுத்துக்கொண்டே போனது. ரஞ்சித்துக்குச் சிங்கப்பூரில் வேலை கிடைத்தபோது, வழக்கைக் காட்டி பாஸ்போர்ட்டை நிறுத்திவிட்டார்கள். அவன் திண்டிவனம் கோர்ட்டில் மனு போட்டான். புகார் கொடுத்தவர் என்று தேவநாதனையும் அன்று வரச்சொல்லியிருந்தார்கள்.

"வழக்கு நடக்கிறதாலேயே ஒருத்தர் குற்றவாளி ஆகிட மாட்டார்" என்று சொல்லி, ஒரு வருடத்துக்கு பாஸ்போர்ட் எடுத்துக்கொள்ள அனுமதித்தார் நீதிபதி. 'அவன் அன்னிக்கு அங்க இல்லவே இல்லீங்க' என்று தேவநாதனுக்குத் தொண்டைவரை வந்தது. பொய்ப் புகார் என்று தன் தலையில் விடியுமே என்று விழுங்கிவிட்டார்.

வெளியே வந்ததும் ரஞ்சித் ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டான்.

"நீங்க எதுவும் பேசாம நின்னுக்கினு இருந்ததே பெரிய உதவி, பெரியப்பா. பாஸ்போர்ட்டுக்காகப் போலீஸ்காரரு மறுபடி ஊருக்கு விசாரிக்க வருவாரு. என்னைத் தெரிஞ்சவங்க ரெண்டு பேரு சொல்லணுமாம். உங்க பேரைக் குடுக்கட்டா?"

"என் பேரா?"

"நான் எப்படிப்பட்டவன்னு உங்களைவிட யாருக்குத் தெரியும்?"