ஓலையூத்தில் பெயர் வைக்காத பிள்ளை

1980 ஜூனில் ஓலையூத்தில் பிறந்த அய்யம்மாளின் மகளுக்கு 1984 ஐப்பசியிலும் வயது பதினாறு நாள்தான். பதினாறாம் நாள் பெயர் வைக்காததால் பிள்ளை அதற்குமேல் வளரவில்லை. கன்னிவாடிப் பக்கத்தில் இதை யாரும் பெரிதாகப் பேசவில்லை. வெங்காயம் விலை இறங்கியதைப் பேசவே நேரம் போதவில்லை.

காரணம் எம்எல்ஏ இருளப்பன். திண்டுக்கல் மண்டியில் தரகராக இருந்தவர். துண்டுக்கடியில் விரல் பிடித்து விலை பேசுகிற நிதானத்தோடு ஓட்டும் கேட்டு வாங்கினார். ஜெயித்த மறுநாள் ஓலையூத்துப் பெண்கள் வெறுங்குடங்களோடு காரை மறிக்க, காளியம்மன் முன்னால் சூடம் அணைத்து, குழாயில் தண்ணீர் வராமல் இந்த ஊர் எல்லையை மிதிக்க மாட்டேன் என்று சத்தியம் செய்துவிட்டார். நிறைமாதமாக நின்ற அய்யம்மாளும் அந்தப் புகையிலேயே, என் பிள்ளைக்கு எம்எல்ஏ வாயால்தான் பெயர் என்று நேர்ந்துகொண்டாள். அம்மனிடம் பேரம் செல்லாது என்பது இரண்டு பேருக்குமே பிறகுதான் உறைத்தது.

குழாய்க் கோப்பு சென்னைக்குப் போனது, வந்தது, மறுபடி போனது. இருளப்பன் மூன்று முறை எல்லைக்கல்லைத் தாண்டப் பார்த்தார். தூக்கிய வலதுகால் அந்தரத்திலேயே நின்றுவிடும்; டிரைவர் நைனா முகமது இடுப்பைப் பிடித்துப் பின்னால் இழுப்பார். ஒருமுறை தண்ணீர் லாரியோடு வந்தார். லாரி உள்ளே போனது, அவர் கால் போகவில்லை. தந்தியில் பெயர் அனுப்பினார், ஊர் வாத்தியார் அதைப் பிள்ளையின் காதில் ஓதினார், பிள்ளை வளராமல் தூங்கிக்கொண்டிருந்தது. அய்யம்மாளுக்கு நான்கு வருடமாகப் பால் வற்றவில்லை, உடம்புதான் வற்றியது. சட்டசபையில் மந்திரி பேசும்போதுகூட இருளப்பனுக்கு அந்தப் பச்சைப்பிள்ளையின் அழுகை கேட்டது. சோறு இறங்கவில்லை.

பிள்ளையை எல்லைக்குத் தூக்கிவரச் சொல்லி ஆள்விட்டார். ஊர்த்தலைவர் பெரியகருப்பன் விடவில்லை. "பேரு வச்சுட்டா உங்க ஐயா இந்தத் தெசைக்கே வர மாட்டாரு பாய். எங்க கையில இருக்கிற ஒரே பிடி அந்தப் புள்ளதான்" என்றார் நைனாவிடம். இருளப்பனுக்குக் கோபம் வரவில்லை. அந்த இடத்தில் இருந்தால் அவரும் அட்வான்ஸைத் திருப்பித் தந்திருக்க மாட்டார்.

நவம்பரில் ஒருநாள், சட்டசபையைச் சாயங்காலம் கலைக்கிறார்கள் என்று போனில் தகவல் வந்தது. மதியச் சோற்றைப் பிசைந்தபடி விட்டுவிட்டு எல்லைக்கு ஓடிவந்தார். வேட்டி அவிழ்ந்ததுகூடத் தெரியாமல் கத்தினார்.

"ஏத்தா அய்யம்மா, பொழுது சாஞ்சா நான் வெறும் இருளப்பன். பெறகு எம் வாய்க்கு மதிப்பில்ல. புள்ளையத் தூக்கிட்டு வாத்தா."

பெரியகருப்பன் பாதையில் கையை விரித்து நின்றார். அய்யம்மாள் அவரிடம் சத்தம் போடவில்லை.

"தண்ணிய எங்கிட்டாச்சும் போயி நான் சொமந்துக்கிறேன் மாமா. எம் புள்ளைக்குப் பல்லு மொளைக்கணும்."

விரித்த கை இறங்கியது.

தொகுதியில் முந்நூறு பிள்ளைகளுக்குத் கட்சித் தலைவர் பெயரையே வைத்தவர், எல்லைக்கு வந்த பிள்ளையின் காதில் "மாலதி" என்று மூன்று முறை சொன்னார். ஏன் மாலதி என்று அவருக்கே தெரியாது. பிள்ளைக்கு உடனே பல் முளைத்தது. முடி தோளைத் தொட்டது. கனம் தாங்காமல் அய்யம்மாள் இடுப்பை வளைக்க, பிள்ளை சறுக்கி இறங்கித் தன் காலில் நின்று, "தண்ணி" என்றது. ஊரில் ஒரு குடத்திலும் இல்லை. ரேடியேட்டருக்கு வைத்திருந்த கேனை நைனா கொண்டுவந்தார். நாலு வருடத் தாகத்தை மாலதி நின்றபடியே குடித்தாள். எம்எல்ஏவும் ஊர்த்தலைவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

அடுத்த தேர்தலில் இருளப்பனுக்குக் கட்சி சீட்டுத் தரவில்லை. 1985 ஜூனில், செல்லாத லெட்டர்பேடில் சிபாரிசு எழுதிக்கொண்டு ரெட்டியார்சத்திரத்துப் பள்ளிக்கூடத்துக்கு அய்யம்மாளோடு போனார். தலைமையாசிரியை ஜோஸ்பின் அதை வாங்கவே இல்லை. மாலதியை வலதுகையைத் தலைக்கு மேலாகக் கொண்டுபோய் இடதுகாதைத் தொடச் சொன்னார். விரல் தொட்டது. ஒன்றாம் வகுப்பில் சேர்த்துக்கொண்டு, அடுத்த பிள்ளையைக் கூப்பிட்டார்.