முதலிலிருந்து எண்ணு

கணவனுக்குத் தொற்று என்று தெரிந்ததும், பேக்கரியில் மாவு பிசையும் அவள் டாக்டருக்குப் போன் போட்டாள்.

"அவர்கிட்ட கடைசியா நெருங்கின நாள்லேர்ந்து அஞ்சு நாள் வேலைக்குப் போகாதீங்க. மறுபடி நெருங்கினா முதல்லேர்ந்து எண்ணணும்."

ஐந்தாம் நாள். அறையிலேயே கிடக்கவேண்டிய மகராசன், சட்டைக் கையில் மூக்கைத் துடைத்தபடி சமையலறைக்கு வந்து, அவள் முகத்தருகே தும்மினான். அவளுடைய டீயைப் பாதி குடித்துவிட்டு நீட்டினான். தம்ளர் விளிம்பில் சளி மினுங்கியது.

இப்படி ஐந்தாம் நாள் பார்த்து அவன் வருவது மூன்றாவது தடவை. மறதி என்றல்லவா நினைத்திருந்தாள்!

"நீ வேலைக்குப் போயிட்டா என்னை யாரு பாத்துக்கிறது?" என்று இளித்தான்.

"தம்ளரோட உள்ள போங்க, வேற டீ தரேன்."

அவன் அறைக்குள் போனதும் வெளியே தாழ்ப்பாள் போட்டாள்.

"இன்னிக்குதான் முதல் நாள்," என்றாள் கதவிடம்.