கழுத்து இறுகிய ராக்கெட் பனியன்

1

இந்தக் கதை காதர்பேட்டையில் நாற்பது ரூபாய்க்குக் கிடைத்தது. ஏற்றுமதியில் தள்ளிய பனியன்களைக் குவித்து விற்கும் கடையில், மார்பில் ராக்கெட் அச்சிட்ட ஒன்றை எடுத்தேன். கழுத்து சிறியது. போடும்போதெல்லாம் காது சிவந்துவிடும். மற்றபடி எனக்கு ரொம்பப் பிடித்த பனியன், இப்போதும் அதைப் போட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். தைத்தது யாரென்று தெரியாது. அதனால் ஒருத்தியைக் கற்பனை செய்துகொள்கிறேன்.

2

2007ஆம் ஆண்டு, அரசு நிதியை நம்பி விண்வெளியை வணிகமாக்கப் புறப்பட்ட புதிய நிறுவனங்கள்

(வேண்டாம். தலையங்கம் மாதிரி இருக்கிறது. எனக்கே கொட்டாவி வருகிறது.)

2, மறுபடியும்

வீரபாண்டியின் மேல் சூரியன் மெல்ல எழுந்து

(சூரியனுக்கு இந்தக் கதையில் வேலையே இல்லை.)

3

நேராகச் சொல்லிவிடுகிறேன். வீரபாண்டியில் தங்கவேலுவின் பனியன் கம்பெனி. அங்கே சாம்பிள் தைப்பவள் நாகஜோதி, சாத்தூர்ப் பக்கத்துக்காரி. வெளிநாட்டில் புதிதாகத் தொடங்கிய ராக்கெட் கம்பெனி ஒன்று தன் ஆட்களுக்குப் பனியன் கேட்டது. அவள் தைத்த மூன்று சாம்பிளைத் தள்ளிவிட்டு நான்காவதைத்தான் ஒப்புக்கொண்டார்கள்.* தேறிய சாம்பிளுக்கு மட்டுமே கூலி என்பது தங்கவேலுவின் வழக்கம்.

சனிக்கிழமை, சம்பள நேரம். ஆர்டர்களைக் கவனிக்கும் ராபின் சேதியோடு வந்தான்.

"சார், அவங்க ராக்கெட் கடல்ல விழுந்துருச்சாம். ஆனா நம்ம ஆர்டர் கேன்சல் இல்ல. முடிச்ச வேலைக்கெல்லாம் அவங்க கவர்மெண்ட் பணம் குடுத்துருச்சாம். அடுத்த ராக்கெட்டுக்கும் குடுக்குமாம்."

தங்கவேலு நிம்மதியாகி எல்லோருக்கும் டீ சொன்னார். நாகஜோதி டீயை ஆற்றிக்கொண்டே கேட்டாள்.

"அண்ணாச்சி, ராக்கெட்டு விழுந்தாலும் செஞ்ச வேலைக்குக் காசு உண்டாம்ல. நானும் கை தச்சேன், பக்கம் தச்சேன், ஓரம் மடிச்சேன். கழுத்துலதான கோளாறு?"

"அது கவர்மெண்டுப் பணமுங்க அம்மிணி. இது என்ற ஊட்டுப் பணம்."

"கவர்மெண்டுக்கு மட்டும் யாரு வீட்டுப் பணம்? அந்த ஊரு சனங்க வீட்டுப் பணந்தான?"

(இங்கே அவள்மேல் எனக்குச் சந்தேகம். இவ்வளவு பட்டென்று பேசுவாளா? அவள் வரிகளைக் கோடு போட்டு அடித்துப் பார்த்தேன். கதை நின்றுவிட்டது. திரும்பக் கூப்பிட்டுக்கொண்டேன்.)

"மூணு சாம்பிளுக்கும் கூலி தந்தா திங்கக்கிழமை வாரேன். இல்லன்னா எதுத்த கம்பெனில கூப்பிடுறாக."

கோபமில்லாமல்தான் சொன்னாள். தங்கவேலு தலையைச் சொறிந்தார். கொடுத்தால் நாளைக்கு எல்லாத் தையல்காரர்களும் கேட்பார்கள். கொடுக்காவிட்டால் இப்படிச் சாம்பிள் தைக்க வேறு ஆள் இல்லை.

* முதலாவதில் கழுத்து சிறிது, இரண்டாவதில் பெரிது. மூன்றாவதில் என்ன குறை என்று நான் இன்னும் யோசிக்கவில்லை.

4

முடிவு ஒன்று: கொடுக்கிறார். (அவர் மனைவி என்னைச் சும்மா விடமாட்டாள்.)

முடிவு இரண்டு: கொடுக்கவில்லை. (எனக்கு மனசு வரவில்லை.)

முடிவு மூன்று: அடுத்த ராக்கெட் மேலே போகிறது, அந்த மகிழ்ச்சியில்

(அவ்வளவு தூரம் போவானேன்.)

5

ஒன்று மட்டும் நிச்சயம். தள்ளிய பனியன்களைத் தங்கவேலு காதர்பேட்டைக்குப் போட்டுவிட்டார். தேறாத சாம்பிளுக்கு நான் சந்தோஷமாக நாற்பது ரூபாய் கொடுத்திருக்கிறேன். அதில் ஒரு ரூபாய்கூட நாகஜோதிக்குப் போகவில்லை.

நீங்களும் என்னுடைய தேறாத ஆரம்பங்கள் இரண்டைப் படித்துவிட்டீர்கள். அவற்றுக்கும் சேர்த்து எனக்குக் கூலி உண்டு என்று தோன்றினால், தங்கவேலு சட்டைப்பையில் கையை விடுகிறார். தேறிய பகுதிக்கு மட்டும்தான் என்றால், அவர் டீயைக் குடித்து முடிக்கிறார்.

சீக்கிரம் சொல்லுங்கள். அவள் வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டிருக்கிறாள்.