பின் இருக்கை

படைத்தளத்தில் அவனை எல்லோரும் நிதானம் என்றுதான் கூப்பிடுவார்கள். ஒருமுறை ஆறாயிரம் அடி உயரத்தில் விமானத்தின் வாலில் தீப்பிடித்தபோது, கட்டுப்பாட்டு அறைக்கு முதலில் நேரத்தைச் சொல்லிவிட்டு அப்புறம்தான் தீயைப் பற்றிச் சொன்னானாம். அன்றைக்கு ஒட்டிக்கொண்ட பெயர். புதிதாகச் செய்யப்படும் போர் விமானங்களை முதன்முதலாக ஓட்டிப் பார்த்து, எது தாங்கும், எது தாங்காது என்று எழுதிக் கொடுப்பது அவன் வேலை. பதினான்கு வருடமாக அதைத்தான் செய்தான்.

பின் இருக்கையில் உட்கார்ந்து கருவிகளைக் கவனிக்கும் சோதனைப் பொறியாளர் அவனுடைய மாப்பிள்ளை. முதலில் நண்பன். ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்குச் சாப்பிட வந்தவன், அடுத்த வருடமே தங்கையைக் கல்யாணம் செய்துகொண்டான். "பறக்கும்போது உன் முதுகையே பார்த்து அலுத்துப் போச்சு மச்சான், அதான் உன் வீட்டுலயே வேற முகம் தேடிக்கிட்டேன்" என்பான். விமானத்தில் வாய் ஓயாது அவனுக்கு. நிதானம் பதில் சொல்லவே மாட்டான், ஆனால் அந்தப் பேச்சில்லாமல் பறந்தால் ஒரு காது அடைத்துக்கொண்ட மாதிரி இருக்கும்.

விண்வெளி வீரர் தேர்வுக்கு நூற்றிருபது விமானிகள் விண்ணப்பித்தார்கள். கண், காது, இதயம், சிறுநீரகம் என்று ஒவ்வொரு சோதனையிலும் பத்து இருபது பேராகக் கழிந்து, கடைசியில் ஏழு பேர் மிஞ்சினார்கள். அதில் நிதானமும் ஒருவன். இனி பாக்கி தனியறைச் சோதனை. சன்னல் இல்லாத சின்ன அறையில் ஒவ்வொருவரும் தனியாகப் பதினான்கு நாள். போன் கிடையாது, செய்தி கிடையாது.

உள்ளே போகும் முன் ஒரு படிவம் தந்தார்கள். வீட்டில் துக்கம் நேர்ந்தால் உடனே தெரிவிக்க வேண்டுமா, வேண்டாமா? இரண்டு கட்டங்கள். பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு யோசித்தவனின் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தான் மாப்பிள்ளை.

"வேண்டாம்னு போடு மச்சான். யாரு சாகப்போறா? உங்கம்மாவுக்கு என்னைத் திட்டி முடிக்கவே இன்னும் முப்பது வருஷம் வேணும்."

நிதானம் 'வேண்டாம்' கட்டத்தில் டிக் அடித்துக் கையெழுத்துப் போட்டான்.

உள்ளே அவர்கள் சும்மா இருக்கவிடவில்லை. மூன்றாம் நாள் புகை எச்சரிக்கை மணி அலறியது. பொய். ஆறாம் நாள் தண்ணீர் தீர்ந்துவிட்டது, வர இரண்டு நாளாகும் என்றார்கள். அதுவும் பொய். ஒன்பதாம் நாள் திரையில், 'திட்டமே கைவிடப்பட்டது. நீங்கள் வெளியே வரலாம்' என்று எழுத்து ஓடியது. கதவுப் பூட்டு திறக்கும் சத்தம்கூடக் கேட்டது. அவன் எழுந்திருக்கவில்லை. கட்டிலில் சாய்ந்தபடி, "நேரம் பத்து நாற்பது. கதவு திறந்திருக்கு, நான் உள்ளேயே இருக்கேன்" என்று ஒலிவாங்கியில் பதிவு செய்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான். சற்று நேரத்தில் கதவு மறுபடி பூட்டிக்கொண்டது.

பதினான்காம் நாள் காலை பத்து மணிக்கு உண்மையாகவே வெளியே விட்டார்கள். மனநல மருத்துவர் தன் அறைக்குக் கூட்டிப்போனார். ஐம்பது வயதுப் பெண்மணி, யாரிடமும் சிரித்துப் பேசாதவர். அவன் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்காரும்வரை நின்றுகொண்டே இருந்தார்.

"ஒன்பது நாள் முன்னாடி உங்க சோதனை விமானம் கீழே விழுந்துடுச்சு. உங்களுக்குப் பதிலா ஓட்டின விமானி தப்பிச்சுட்டார். பின் சீட்ல இருந்தவர் இறந்துட்டார். உங்க தங்கையோட வீட்டுக்காரர்."

நிதானம் அவரை ஏற இறங்கப் பார்த்தான். பிறகு சிரித்தான்.

"இதுக்கு எத்தனை மார்க் டாக்டர்?"

"இது சோதனை இல்ல."

"திட்டம் கைவிட்டாச்சுன்னு சொன்னப்பவும் இப்படித்தான் முகத்தை வெச்சிருந்திருப்பீங்க. ஆனா ஒண்ணு, இந்தக் கதையை எழுதினவருக்கு விமானம் தெரியல. அந்த விமானத்துல அவசரத்துக்குக் கைப்பிடியை இழுத்தா, ஆளோட முதல்ல வெளிய வீசறது பின் சீட்டைத்தான். அரை நொடி கழிச்சுத்தான் முன் சீட்டு போகும். முன்னால இருந்தவன் பிழைச்சு பின்னால இருந்தவன் செத்தான்னா, அது நடக்கவே நடக்காது. அடுத்த தடவை என்னைக் கேட்டு எழுதச் சொல்லுங்க."

மருத்துவர் மேசையில் இருந்த போனை எடுத்து எண்களை அழுத்தி அவனிடம் நீட்டினார். மணி இரண்டு முறை அடித்தது.

"அண்ணா?" தங்கையின் குரல்.

"உன்னையும் கூட்டு சேர்த்துட்டாங்களா?" என்றான் இன்னும் சிரிப்பு மாறாமல். "நடிச்சது போதும். பக்கத்துல நின்னு வாயைப் பொத்திட்டுச் சிரிச்சிட்டு இருப்பானே, போனை அவன்கிட்ட குடு."

மறுமுனையில் பின்னாலிருந்து யாரோ அழும் சத்தம். அம்மாவின் அழுகை. அதை எந்த நடிகையாலும் செய்ய முடியாது.

"எங்கேருந்துண்ணா குடுப்பேன்?" என்றாள் தங்கை.

சிரிப்பு முகத்திலேயே உறைந்துவிட்டது. அதை எப்படிக் கலைப்பது என்று தெரியவில்லை. உதட்டை மூடப் பார்த்தான், மூட வரவில்லை. போனைப் பிடித்திருந்த கை தன்னுடையது மாதிரியே இல்லை. மணி என்ன என்று பார்க்கச் சுவரைத் தேடினான். கடிகாரம் நேரெதிரே இருந்தது. முள் தெரிந்தது, நேரம் தெரியவில்லை.

அன்று மதியம் வீட்டுக்குப் போனான். சாப்பாட்டு மேசையைச் சுவரோரம் தள்ளிவிட்டு, கூடத்தில் இரவல் நாற்காலிகள் போட்டிருந்தார்கள். வந்தவர்கள் எல்லாம் வந்து போய், நாற்காலிகள் காலியாக இருந்தன. அம்மா அவனைக் கட்டிக்கொண்டு கதறினாள். தங்கை கதறவில்லை. மாப்பிள்ளையின் சட்டைகளை மடித்து அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"தினமும் போன் பண்ணினேன். 'உங்க அண்ணன் கையெழுத்துப் போட்டிருக்கார், சொல்லக் கூடாது'ன்னாங்க. அஞ்சு நாள் கேட்டேன். அப்புறம் விட்டுட்டேன்."

'வேண்டாம்னு போடச் சொன்னதே அவன்தான்' என்று நாக்கு நுனிவரை வந்தது. விழுங்கிவிட்டான். செத்தவன் தலையில் அதைக் கட்ட மனம் வரவில்லை.

"நீ அழலைன்னு எனக்கு வருத்தமில்லண்ணா. அந்தச் சிரிப்புதான். கண்ணை மூடினா அதுதான் கேக்குது."

அதற்குப் பிறகு அவள் அவனோடு பேசவில்லை.

தப்பித்த விமானி முதுகெலும்பு நசுங்கி மருத்துவமனையில் கிடந்தான். நிதானத்தைப் பார்த்ததும் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டான். "மேலே ஏறும்போதே என்ஜின் அணைஞ்சிடுச்சு சார். வெளிய போங்கன்னு சொன்னேன். கைப்பிடியை இழுத்தார். ஒண்ணும் ஆகல. 'என்னோடது வேலை செய்யல, நீ போ'ன்னார். நான் போகல, எங்கேயாவது இறக்கிடலாம்னு பார்த்தேன். கீழே வீடுங்க வந்துடுச்சு. 'போடா'ன்னு கத்தினார். அதுக்கப்புறம் இழுத்தேன்." போர்வைக்கு மேல் அவன் விரல்கள் எதையோ பிடித்திழுப்பது போல மடங்கி நிமிர்ந்தன.

விசாரணை இரண்டு மாதம் நடந்தது. பின் இருக்கையை வெளியே தள்ளும் வாயு போகும் குழாய், சுண்டுவிரல் தடிமன்கூட இல்லாதது, உள்ளே அடைத்துக்கொண்டிருந்தது. அந்த இருக்கையைப் பொருத்திய நாளிலிருந்தே அப்படித்தான் இருந்திருக்கிறது என்று எழுதினார்கள். நிதானம் பறப்புப் பதிவேட்டை எடுத்து எண்ணினான். அந்த இருக்கை பொருத்திய பிறகு அவனும் மாப்பிள்ளையும் சேர்ந்து பறந்தது பதினோரு முறை. பதினோரு முறையும் அவனுக்குப் பின்னால், வெளியேற வழியே இல்லாத இடத்தில் உட்கார்ந்துகொண்டு, ஊர்க்கதை பேசிக்கொண்டே வந்திருக்கிறான் அவன். தான் ஓட்டியிருந்தால் காப்பாற்றியிருக்கலாம் என்று இரண்டு மாதமாகத் தன்னையே தின்றுகொண்டிருந்தான். இப்போது அந்தப் பிடியும் இல்லை. அன்றைக்குத் தான் ஓட்டியிருந்தாலும் மாப்பிள்ளை பிழைத்திருக்க மாட்டான்; தனியாகப் பிழைத்து வந்து தங்கையின் முன்னால் தான் நிற்க வேண்டியிருந்திருக்கும். அவ்வளவுதான் வித்தியாசம்.

தேர்வுப் பட்டியல் வந்தது. நான்கு பேரில் முதல் பெயர் அவனுடையது. அவன் நேரே மருத்துவரிடம் போனான்.

"துக்கச் செய்தி கேட்டுச் சிரிச்சவனை எப்படி எடுத்தீங்க?"

"வரிசையா பொய் சொல்லி உங்களை நம்பவிடாம ஆக்கினது நாங்க. கடைசியா உண்மையைச் சொன்னோம். தப்பு எங்களோடதுன்னு எழுதிட்டேன். இனிமே வெளிய விட்ட அன்னிக்கு யாருக்கும் எதையும் இந்த அறையில சொல்லப் போறதில்ல. வீட்டு ஆள் ஒருத்தர் வந்து சொல்லணும்னு மாத்தியிருக்கோம்." கொஞ்சம் நிறுத்தி, "அன்னிக்கே நான் உங்க தங்கையை இங்க நேர்ல வரவழைச்சிருக்கணும். தோணல" என்றார்.

தங்கையிடம் கேட்டுவிட்டுத்தான் சம்மதம் சொல்வது என்று இருந்தான். அவள் கதவைப் பாதி திறந்தபடியே, "என்னைக் கேக்காதே. போன்னாலும் நாளைக்கு நான்தான் அழணும், போகாதேன்னாலும் நான்தான் அழணும்" என்று சொல்லி மூடிக்கொண்டாள். மூடிய கதவின் முன் கொஞ்ச நேரம் நின்றான். மறுநாள் சம்மதம் எழுதிக் கொடுத்தான்.

மூன்று வருடப் பயிற்சி. புறப்பட இரண்டு வாரம் இருக்கும்போது குடும்பத்தினர் விண்கலத்தைப் பார்க்கலாம் என்று அழைத்தார்கள். அம்மா மட்டும்தான் வருவாள் என்று நினைத்திருந்தான். பின்னாலேயே தங்கையும் வந்தாள். அவன் முகத்தைப் பார்க்கவில்லை. கலத்துக்குள் எட்டிப் பார்த்து, மூன்று இருக்கைகளையும் எண்ணினாள்.

"இதுல எது எங்கண்ணனோடது?" என்று அங்கிருந்த தொழில்நுட்பரைக் கேட்டாள்.

"நடுவுல இருக்கறது, மேடம்."

"அவசரம்னா இதை வெளிய தள்றது எது?"

அவர் சீட்டு மட்டும் தனியாகப் போகாது, ராக்கெட்டிலிருந்து கலமே மூன்று பேரோடும் பிய்த்துக்கொண்டு வந்துவிடும் என்று விளக்க ஆரம்பித்தார். அவள் விடவில்லை. அதைத் தள்ளும் மோட்டார் எங்கே, அதற்கு உத்தரவு எந்த வழியாகப் போகிறது, ஒரு வழி அடைத்துக்கொண்டால் இன்னொன்று உண்டா, யார் சோதித்தார்கள், எந்தத் தேதியில், அவர்கள் பெயரென்ன. முக்கால் மணி நேரம். தொழில்நுட்பருக்கு வேர்த்துவிட்டது. கடைசியில் சோதனைத் தாளையே கொண்டுவந்து காட்டினார். அவள் ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் படித்தாள்.

நிதானம் ஓரமாக நின்று கேட்டுக்கொண்டிருந்தான். மூன்று வருடத்தில் அவள் குரலை இவ்வளவு நேரம் அவன் கேட்டதில்லை.

தாளைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினாள். கீழே போனபின் அவன் பக்கம் திரும்பினாள்.

"ரெண்டு வழி இருக்காம்" என்றாள். "ரெண்டும் போன வாரம்தான் பார்த்திருக்காங்க."