தீவைக் காணோம்

"அம்மா, என் தீவைக் காணோம்."

கெய்லீன் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தாள். காணோம் என்ற சொல் காதில் விழுந்ததும் கை நின்றுவிட்டது. மற்ற வீடுகளில் சாமான்கள் தானாகக் காணாமல் போகும், பிறகு சோபாவுக்கு அடியில் கிடைக்கும். அவள் டேரனோடு குடித்தனம் நடத்திய வீட்டில் எதுவுமே தானாகக் காணாமல் போனதில்லை. ஒரு நாள் கார் சாவி இருக்காது. ஒரு நாள் வங்கி அட்டை இருக்காது. மகன் ரீஸின் பள்ளிக்கூடப் பைகூட ஒருமுறை மாயமானது. எடுத்து ஒளித்துவிட்டு டேரன் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்திருப்பான். அவள் வந்து கேட்க வேண்டும். அவள் வாயைத் திறந்து கேட்ட பிறகுதான் அவன் எழுந்திருப்பான்.

அதெல்லாம் டூவூம்பாவில். இது செடூனா, நாட்டின் இன்னொரு மூலையில் ஒரு கடலோர ஊர், நடுவில் இரண்டு நாள் கார் ஓட்டம். இங்கே அவளுக்கு சிப்பிக் கொட்டகையில் வேலை. சிப்பிகளைக் கழுவி, அளவு பார்த்துப் பிரித்து, பெட்டியில் அடுக்க வேண்டும். கை வெட்டுப்படும், உப்பு எரியும், ஆனால் ராத்திரி தூக்கம் வந்தது. வரும்போதே குடும்பப் பெயரை மாற்றிக்கொண்டாள். போனைத் தூக்கிப் போட்டாள். பள்ளிக்கூடத்தில் ரீஸின் படத்தை எங்கும் போடக் கூடாது என்று தலைமை ஆசிரியையிடம் கெஞ்சாத குறையாகச் சொல்லிவைத்தாள். புருஷன் எங்கே என்று கொட்டகையில் கேட்டதற்கு, "கார் விபத்துல போயிட்டாருங்க" என்று ஒரே போடாகப் போட்டாள். பாவம் அந்தப் பெண்கள், ஒரு வாரம் முறைவைத்து அவள் வீட்டுக்குச் சாப்பாடு கொண்டுவந்தார்கள். அவளும் கூசாமல் வாங்கிச் சாப்பிட்டாள். பயந்தவளுக்குக் கூச்சம் கட்டுபடியாகாத செலவு.

அப்படிச் சாப்பாடு கொண்டுவந்தவர்களில் முதல் ஆள் நெரிடா. அவளும் கொட்டகையில்தான் வேலை, பக்கத்து மேஜை. கையும் வாயும் ஒரே வேகத்தில் ஓடும். இந்த ஞாயிற்றுக்கிழமையும் வறுத்த மீன் பொட்டலத்தோடு வந்து, சமையலறை மேஜையருகே கால் நீட்டி உட்கார்ந்திருந்தாள்.

"என்னடா தீவு? கடல் கொண்டுபோயிடுச்சா?"

"கேம் ஆன்ட்டி. கப்பல் உடைஞ்சு தீவுல ஒதுங்கி, வீடு கட்டி, ஆடு வளத்து... நான் ஊரே கட்டியிருந்தேன். கேம் லைப்ரரில மத்ததெல்லாம் இருக்கு. அது மட்டும் இல்ல."

"கொண்டா இப்படி. உங்கம்மாட்ட குடுத்தா சிப்பியைக் கழுவுற மாதிரி லேப்டாப்பைக் கழுவி வெச்சிடுவா."

கெய்லீன் சிரித்தாள். சிரிப்பு சரியாக வரவில்லை. கேம்தானே, பிள்ளை விளையாட்டு, அதில் என்ன இருக்கப்போகிறது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு மறுபடி கத்தியை எடுத்தாள்.

நெரிடாவுக்கு இந்த விஷயத்தில் அனுபவம் உண்டு. விடிய விடிய டிராகனை வெட்டிவிட்டுக் காலையில் கொட்டகையில் வந்து கொட்டாவி விடுகிறவள் அவள். பட்டியலை மேலும் கீழும் தள்ளிப் பார்த்தாள். கால்பந்து இருந்தது, கார் பந்தயம் இருந்தது. தீவு இருந்த இடத்தில் இடைவெளிகூட இல்லை.

"மூடித் திறந்து பாத்தியா?"

"பாத்தேன்."

"ஃபில்டர் ஏதாவது போட்டு வெச்சிருக்கியா? சில சமயம் இன்ஸ்டால் பண்ணினதை மட்டும்தான் காட்டும்... இல்ல, எல்லாம் காட்டுதே. சரி, ஒளிச்சு வெச்ச கேமுக்குன்னு ஒரு தனி லிஸ்ட் இருக்கும். நம்ம கை பட்டுப் போயிருக்கலாம்."

அந்த லிஸ்ட் காலியாக இருந்தது.

"டிஸ்க்ல பாப்போம். இதோ, ஃபைல் எல்லாம் அப்படியே இருக்கே. வீடு வாசல் சாமான் சட்டி எல்லாம் பத்திரமா இருக்குடா. உள்ள போறதுக்குத்தான் உனக்கு உரிமை இல்லங்குது."

"யாரு சொல்றா உரிமை இல்லன்னு?" கெய்லீன் திரும்பாமலேயே கேட்டாள்.

"கம்ப்யூட்டர்தான் சொல்லுது, வேற யாரு. பயப்படாதடி, இதுக்குக் கடைசி மருந்து ஒண்ணு இருக்கு. வெளிய வந்து திரும்ப உள்ள போகணும். நூத்துக்குத் தொண்ணூறு கேஸ் அதுலயே சரியாயிடும். பாஸ்வேர்டு ஞாபகம் இருக்கா தம்பி?"

ரீஸ் தயங்கினான். டூவூம்பாவிலிருந்து கொண்டுவந்த நாள் முதல் அந்த லேப்டாப் பாஸ்வேர்டே கேட்டதில்லை, திறந்ததும் விளையாட்டு வந்துவிடும். ஆனால் அவனுக்கு மறக்கவில்லை. அவர்கள் விட்டுவிட்டு வந்த நாயின் பெயரைத் தட்டினான்.

அடுப்பில் எண்ணெய் காய்ந்துகொண்டிருந்தது. வெளியே தென்காற்று தகரக் கூரையை ஆட்டிக்கொண்டிருந்தது. நெரிடா திரையை வாய்விட்டுப் படித்தாள்.

"புது இடத்திலிருந்து நுழைவு. குடும்பத் தலைவரின் அனுமதிக்குக் காத்திருக்கிறது. ஏண்டி கெய்லீனு, நீதானே தலைவர்? உன் போனுக்கு ஒண்ணு வந்திருக்கும் பாரு. சரின்னு அமுக்கிவிடு."

கெய்லீன் கத்தியை வைத்தாள். "எனக்கு எதுக்கு வரணும்?"

"கேம் யாரு வாங்கினதோ அவங்களுக்குத்தான் போகும்." நெரிடா பையனைப் பார்த்தாள். "யாருடா வாங்கினது?"

ரீஸ் அம்மாவைப் பார்த்தான். எட்டு மாதமாக அந்தப் பொய்யை அவனும் சேர்ந்து சுமந்திருக்கிறான், ஒரு தடவைகூடத் தவறவிட்டதில்லை. "அப்பா," என்றான். "அவர் கணக்குலேர்ந்துதான் எனக்கு வருது."

"ஐயோ, உங்கப்பாவா?" நெரிடாவின் குரல் இறங்கிவிட்டது. "மன்னிச்சுக்கடா ராசா, வாய் தவறிக் கேட்டுட்டேன். அப்போ அது போற இடத்துல ஆளில்ல. கம்பெனிக்கு எழுதிப் போட்டா மாத்திக் குடுப்பாங்க, நான் எழுதித் தரேன்."

"நெரிடா," என்றாள் கெய்லீன். "அதுல என்ன போகும்?"

"எதுல?"

"அந்த அனுமதி கேக்குறது. அங்க என்னன்னு காட்டும்?"

"இன்னார் உள்ள வரப் பாக்குறாங்க, இந்த மெஷின், இந்த ஊர்னு காட்டும். திருட்டு நடக்கக் கூடாதுல்ல."

"ஊர் பேரோடயா?"

"ஊர் பேரோடதான். ஏன்?"

கெய்லீன் மேஜையைப் பிடித்துக்கொண்டாள். பேரை மாற்றினாள், போனை எறிந்தாள், கண்ணில் பட்ட ஒவ்வொரு கதவையும் அடைத்தாள். பிள்ளை விளையாட்டு என்று ஒன்றை மட்டும் திறந்துவைத்தாள். மகன் எங்கோ விளையாடிக்கொண்டிருக்கிறான் என்பது மட்டும்தான் டேரனுக்கு இத்தனை நாளும் தெரிந்திருக்கும். எங்கே என்று தெரிய ஒரு வழிதான் இருந்தது. அதை யோசித்துக் கண்டுபிடித்து, மகனுடைய தீவை எடுத்து ஒளித்துவிட்டு, சாய்ந்து உட்கார்ந்திருக்கிறான். அவர்கள் வந்து கேட்டுவிட்டார்கள்.

"நிறுத்து. கேட்டதைத் திரும்ப வாங்க முடியுமா?"

"போனது போனதுதாண்டி. ஆனா ஆளில்லாத எடத்துக்குப் போனதுக்கு நீ எதுக்கு இப்படி வெளிறிப்போறே?"

"அவன் சாகல. டூவூம்பால விட்டுட்டு ஓடிவந்தோம்."

திரையில் வட்டம் ஒன்று சுற்றிக்கொண்டிருந்தது. மூவரும் அதையே பார்த்தார்கள். அது சுற்றிக்கொண்டே இருக்கட்டும், அவன் தூங்கிக்கொண்டிருக்கட்டும், குடித்துவிட்டு விழுந்து கிடக்கட்டும் என்று கெய்லீன் மனதுக்குள் வேண்டினாள். யாரிடம் வேண்டினாள் என்று அவளுக்கே தெரியாது.

வட்டம் நின்றது. அனுமதி கிடைத்தது என்று பச்சை எழுத்தில் வந்தது.

பட்டியல் திறந்தது. எல்லாவற்றுக்கும் மேலே தீவு இருந்தது, தென்னை மரமும் நீலக் கடலுமாக.

"வந்துடுச்சும்மா," என்றான் ரீஸ். அவன் முகம் மலர்ந்துவிட்டது. பன்னிரண்டு வயதுப் பிள்ளை, ஒரு நொடிக்கு எல்லாவற்றையும் மறந்துவிட்டான். பிறகு அவனே புரிந்துகொண்டு கையை விசைப்பலகையிலிருந்து எடுத்துத் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டான்.

திரையின் ஓரத்தில் நண்பர் பட்டியல். அதில் டேரனின் பெயர் பக்கத்தில் பச்சைப் புள்ளி, கீழே 'விளையாடுகிறார்' என்று சின்ன எழுத்து. போயும் போயும் அந்தப் பச்சைப் புள்ளியைப் பார்த்துத்தான் கெய்லீனுக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது. அது எரிகிறவரைக்கும் அவன் நாற்காலியில் இருக்கிறான்.

"ஏதாவது மெசேஜ் அனுப்புறாரா?" நெரிடா கிசுகிசுத்தாள்.

"அவன் அனுப்ப மாட்டான்."

புள்ளி சாம்பல் நிறமானது.

"அப்பா எழுந்துட்டார்," என்றான் ரீஸ்.

நெரிடாதான் முதலில் சமாளித்துக்கொண்டாள். அடுப்பை அணைத்தாள், நாற்காலியைத் தள்ளினாள். "சரி, இங்க பாரு, நிதானமா கேளு. நான் பண்ணின வேலை, நானே பாத்துக்கறேன். போலீஸ்ல சொல்லுவோம். முக்கியமானதை மட்டும் எடுத்துக்க, என் அண்ணன் வீட்டுக்குப் போயிடலாம். டூவூம்பாலேர்ந்து வரணும்னா ரெண்டு நாள் ஆகும். நமக்கு நெறைய நேரம் இருக்கு."

கெய்லீன் அந்தச் சாம்பல் புள்ளியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"டூவூம்பாலதான் இருக்கான்னு உனக்கு யாரு சொன்னா?"

நெரிடா போய் வாசல் கதவின் தாழ்ப்பாளைப் போட்டாள். செடூனாவில் பட்டப்பகலில் யாரும் கதவைப் பூட்டுவதில்லை. தாழ்ப்பாள் துருவேறிக் கிடந்தது, இரண்டு கையாலும் தள்ள வேண்டியிருந்தது.