தண்ணீர்ச் சுவர்

...தண்ணீர்தான் சுவராம், தண்ணீர்தான் காப்பாற்றுமாம், நல்ல கதை, என்று நினைத்தபடியே சொர்ணம்மா நிறைந்த குடத்தை நகர்த்திவிட்டு அடுத்ததைக் குழாயடியில் வைத்தாள், "பானி ஆ கயா தீதி!" என்று, தண்ணீர் வந்துவிட்டதாகப் பக்கத்து வீட்டு ரூபா இந்தியில் கத்தியதும் ஓடி வந்ததில் செல்போன் அடுப்பங்கரையிலேயே கிடந்துவிட்டது, விமான நிலையத்துக்குப் பக்கத்திலிருக்கிற இந்தப் பத்துபஸ்தியில் மூன்று நாளைக்கு ஒருமுறை தண்ணீர் விடுகிறார்கள், விட்டாலும் எப்போது நிற்கும் என்று யாருக்கும் தெரியாது, மகள் கூப்பிடுகிற நேரமும் இதுவாகவா இருக்க வேண்டும். "காலையில கூப்பிடுறேம்மா, நீ வேணாம்னு சொன்னா பேரை வாபஸ் வாங்கிக்கிறேன், நிஜமாத்தான்" என்று சுதா நேற்றுச் சொன்னாள். இந்தக் கூரைக்கு மேல் தாழ்வாக இறங்கும் விமானங்களைப் பார்த்தே வளர்ந்தவள், இப்போது விமானப்படையில் விமானம் ஓட்டுகிறவள், நிலாவுக்கு அனுப்பத் தேர்ந்தெடுத்த கடைசிச் சிலரில் ஒருத்தி. எல்லாப் பிள்ளைக்கும்தான் நிலாவைக் காட்டிச் சோறு ஊட்டுகிறார்கள், இவளுக்குக் கொஞ்சம் கூடுதலாக ஊட்டிவிட்டோமோ என்னவோ.

ராக்கெட் வெடித்துவிடுமோ என்றுதான் சொர்ணம்மா முதலில் பயந்தாள், பயப்பட வேண்டியது வேறாம், கண்ணுக்கே தெரியாததாம்... பூமியைச் சுற்றி ஒரு காந்தக் குடை இருக்கிறதாம், நிலாவுக்குப் போகிறவர்கள் அதைத் தாண்டிப் போக வேண்டுமாம், அங்கே சூரியன் திடீரென்று சீறினால் கிளம்பி வருகிற கதிர் உடம்பைத் துளைத்துக்கொண்டு போகுமாம், சுடாது, வலிக்காது, நிறையப் பட்டால் வாந்தி எடுத்து ரத்தம் கெடும், கொஞ்சமாகப் பட்டாலும் பல வருஷம் கழித்துப் புற்றுநோயாக வந்து நிற்கலாம். இதைக் கேட்டு எந்தத் தாய்க்குத் தூக்கம் வரும்? "அது வந்தா என்னா செய்வீங்க?" "முன்னாடியே அலாரம் அடிக்கும்மா. வெளியில இருந்தா உள்ள ஓடி வந்துரணும். தண்ணிப் பை, சாப்பாட்டு மூட்டை எல்லாத்தையும் சுத்தி அடுக்கிட்டு நடுவுல சுருண்டு படுத்துக்கணும். தண்ணிதான் சுவரு, முக்கால்வாசிய நிறுத்திரும்." அவள் வாயிலிருந்தா இது வருகிறது, அப்பனைத் தண்ணீருக்குக் கொடுத்தவள் வாயிலிருந்து...

தலைக்கு மேல் வெள்ளம் போனால் சாண் என்ன முழம் என்ன என்பார்கள், சொல்கிறவர்கள் யாரும் அந்த வெள்ளத்தைப் பார்த்ததில்லை. இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்த குடும்பங்களைக் கச்சல் தீவு ரப்பர் தோட்டத்தில் குடிவைத்தார்கள், அங்கேதான் ஐயாவுவைக் கட்டிக்கொண்டாள், அங்கேதான் சுதா பிறந்தாள், அங்கேதான் சுனாமியும் வந்தது. அவருக்கு அலாரம் அடிக்காமலா இருந்தது? நிலமே ஆடியது, அதைவிடப் பெரிய அலாரம் எது, எல்லோரும் மேட்டுக்கு ஓடினார்கள், முதல் அலை வந்து திரும்பியும் போய்விட்டது, பிழைத்தாயிற்று, மூன்று பேரும் பிழைத்தாயிற்று. அப்போதுதான் அந்த மனுஷனுக்கு ஞாபகம் வந்தது, விடியுமுன் பட்டையைக் கீறி எடுத்த ரப்பர் பாலை வாளியில் சேர்த்துக் கொட்டகை வாசலில் வைத்திருந்தார், நேரமானால் உறைந்துபோகும், உறைந்த பாலை எவன் வாங்குவான். "ரெண்டு வாளிதான் புள்ள, இந்தா வந்துர்றேன்." எந்த ஊர்க்காரனாவது ரப்பர் பாலுக்காகக் கடலைப் பார்த்து இறங்குவானா, தோட்டத்துச் சனம்தான் இறங்கும்... பாவி மனுஷன். சின்னப் பிள்ளையோடு இங்கே வந்து இருபது வருஷத்துக்கு மேலாகியும் கோபம்தான் முதலில் வருகிறது, அழுகை அதற்குப் பின்னால்தான்.

அதனால்தான் நேற்று அவள் கதிரைப் பற்றி மேலே எதுவும் கேட்கவில்லை, ஒன்றே ஒன்று கேட்டாள். "வெளியில வேலை பாதியில கெடக்கும்போது அலாரம் அடிச்சா?" "விட்டுட்டு வந்துரணும், அதான் ரூல்." "ரூலை யாரு கேட்டா, நீ வருவியா?" சுதா சிரித்தாள். "ஒரே ஒரு ஸ்க்ரூதான் பாக்கின்னா... அரே, பயப்படாதம்மா, வந்துருவேன்." அந்தச் சிரிப்பு ஐயாவுவின் சிரிப்பு, அப்பனுக்குத் தப்பாமல் பிறந்திருக்கிறது, ரத்தம் எங்கே போகும், இதை எப்படி அனுப்புவது? வேண்டாம் என்றே சொல்லிவிட வேண்டும், பெண் ஒரு வருஷம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வாள், வைத்துக்கொள்ளட்டும், உயிரோடு இருந்து கோபப்படட்டும்.

உள்ளே போன் அடித்தது. சுதாதான். குழாயில் தண்ணீர் மெலிந்துகொண்டிருந்தது, நிற்கப் போகிறது, இந்தக் குடம் போனால் இனி மூன்று நாளைக்கு... போன் அடித்து ஓய்ந்தது. மறுபடி அடித்தது. "தீதி, ஃபோன் பஜ் ரஹா ஹை!" என்று ரூபா வேலிக்கு அந்தப் பக்கமிருந்து குரல் கொடுத்தாள்.

"கொஞ்சந்தான் பாக்கி, இந்தா வந்துர்றேன்" என்றாள் சொர்ணம்மா.

சொன்ன பிறகுதான் அது அவள் காதில் விழுந்தது. அப்பன் ரத்தம், அப்பன் ரத்தம் என்று இத்தனை வருஷமாக... போன் அடித்துக்கொண்டே இருந்தது, குடம் நிறைய இன்னும் நாலு விரல் இருந்தது, அவள் கை குடத்தை விடவில்லை.